கேட்காமலே இணைவை நிறுத்தினால்: கல்லூரிக்கு என்ன வழி?

ஒரு சுயநிதிக் கலை அறிவியல் கல்லூரியின் முதல்வர் கேட்டிருக்கிறார். பிப்ரவரியில் பல்கலைக்கழக ஆய்வுக் குழு வந்து பார்த்துவிட்டுப் போனது. அப்புறம் எந்தத் தகவலும் இல்லை. ஜூன் முதல் வாரத்தில் பதிவாளரிடமிருந்து ஒரு பக்கக் கடிதம் வருகிறது: "ஆய்வுக் குழு அறிக்கையின் அடிப்படையில், ஆட்சிக்குழு முடிவின்படி, இரண்டு பாடப்பிரிவுகளுக்கு இவ்வாண்டு இணைவு நீட்டிக்கப்படவில்லை. மாணவர் சேர்க்கை நடத்தக் கூடாது." (இணைவு என்பது பாடப்பிரிவை நடத்தப் பல்கலைக்கழகம் தரும் அனுமதி.) முன்கூட்டி நோட்டீஸ் இல்லை, அறிக்கையின் நகலும் தரவில்லை. ஏற்கெனவே படிக்கும் மாணவர்களைப் பற்றியும் ஒரு வரி இல்லை. இப்படிச் செய்ய அவர்களுக்கு அதிகாரம் உண்டா, நாங்கள் என்ன செய்வது என்பது கேள்வி.

இப்படிச் செய்யக் கூடாது. ஆனால் அந்தப் பதிலோடு நிறுத்தினால் உங்களுக்கு உதவாது. "எங்களைக் கேட்காமல் முடிவெடுத்துவிட்டார்கள்" என்று உயர் நீதிமன்றம் போய் ஜெயித்தாலும், பெரும்பாலும் கையில் கிடைப்பது "கல்லூரியின் விளக்கத்தைக் கேட்டு, இத்தனை வாரத்துக்குள் புதிதாக முடிவெடுங்கள்" என்ற உத்தரவுதான். சீட் திரும்ப வந்துவிடாது. அந்த வாரங்களில் நீங்கள் என்ன பதில் கொடுக்கிறீர்கள் என்பதில்தான் விஷயம் இருக்கிறது. ஆகவே முதல் வேலை அந்த அறிக்கையைக் கையில் வாங்குவது. வழக்கு அதற்கு உதவும் கருவியாக இருக்கட்டும்.

சட்டம் எங்கே நிற்கிறது என்று முதலில் பார்த்துவிடுவோம். ஒருவரைப் பாதிக்கும் முன் அவர் விளக்கத்தைக் கேட்க வேண்டும், முடிவெடுப்பவர் நடுநிலையாக இருக்க வேண்டும் என்பதுதான் இயற்கை நீதி. அதன் பழைய வழக்குகளில் ஒன்றே ஒரு பல்கலைக்கழகத்தைப் பற்றியது. ரிச்சர்ட் பென்ட்லி என்ற அறிஞரின் பட்டங்களைக் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் அவரை விசாரிக்காமலே பறித்தது. 1723-இல் இங்கிலாந்து நீதிமன்றம் அது செல்லாது என்றது. ஆதாமைத் தண்டிக்கும் முன் கடவுளே கூப்பிட்டு விளக்கம் கேட்டார் என்று அதில் ஒரு நீதிபதி சொன்னதை இன்றும் வழக்கறிஞர்கள் எடுத்துக்காட்டுகிறார்கள். நம் உச்ச நீதிமன்றமும் 1962-இல், உத்தரப் பிரதேசத் தேர்வு வாரியம் மூன்று மாணவர்களின் தேர்வு முடிவுகளை விளக்கம் கேட்காமல் ரத்து செய்த கன்ஷியாம் தாஸ் குப்தா வழக்கில் இதே நிலையை எடுத்தது. 1967-இல் பீனாபாணி தேய், 1969-இல் கிரைபாக் ஆகிய வழக்குகளுக்குப் பிறகு, "இது வெறும் நிர்வாக முடிவு, நீதிமன்றத் தீர்ப்பு மாதிரியானது அல்ல, அதனால் கேட்கத் தேவையில்லை" என்ற வாதத்துக்கு இடமில்லாமல் போயிற்று. ஒருவரைப் பாதிக்கும் முடிவு என்றால் நிர்வாக முடிவானாலும் அவரைக் கேட்க வேண்டும். பல்கலைக்கழகச் சட்டத்தில் அப்படி ஒரு வரி இல்லாவிட்டாலும், நீதிமன்றம் அந்த வரி இருப்பதாகவே வைத்துத்தான் படிக்கும்.

ஆனால் எல்லாக் கல்லூரிக்கும் எல்லா நிலையிலும் ஒரே அளவு உரிமை கிடையாது. 1978-இல் குத்துச்சண்டை மேலாளர் உரிமம் பற்றிய ஓர் ஆங்கிலேய வழக்கில் நீதிபதி மெகாரி இதை மூன்றாகப் பிரித்தார். புதிதாக ஒன்றைக் கேட்டு விண்ணப்பிப்பவர், ஏற்கெனவே இருப்பது தொடரும் என்று நியாயமாக எதிர்பார்ப்பவர், கையில் இருப்பதைப் பறிகொடுப்பவர். இணைவு விஷயத்துக்கு இது அப்படியே பொருந்தும். புதிய பாடப்பிரிவு கேட்டு மறுக்கப்பட்டால், விண்ணப்பத்தை நேர்மையாகப் பரிசீலித்து, என்ன குறை என்று சொன்னாலே பெரும்பாலும் போதும். நிரந்தர இணைவை ரத்து செய்வதென்றால் முழு அளவு நோட்டீஸ், ஆவணங்கள், விசாரணை எல்லாம் வேண்டும். உங்களுடையது நடுவில் இருப்பது. ஆண்டுதோறும் நீட்டித்துக்கொண்டே வந்த தற்காலிக இணைவு. "தற்காலிகம்தானே, காலம் முடிந்தது, நாங்கள் எதையும் பறிக்கவில்லை" என்று பல்கலைக்கழக வழக்கறிஞர் சொல்வார். அதற்கு மசிய வேண்டாம். பல ஆண்டுகளாக நீட்டித்து, பிள்ளைகளைச் சேர்க்கவைத்து, ஆசிரியர்களை நியமிக்கவைத்து, ஆய்வுக் கட்டணமும் வாங்கிய பிறகு, ஒரு வார்த்தை கேட்காமல் நிறுத்துவது மேலே சொன்ன இரண்டாம் வகையில் நிச்சயம் வரும். முந்தைய ஆண்டுகளின் நீட்டிப்பு ஆணைகளை வரிசையாக மனுவோடு இணையுங்கள்.

இனி நோட்டீஸ். விளக்கம் கேட்கும் அறிவிப்பு என்ற பெயரில் வரும் பல கடிதங்களைப் படித்தால் எனக்குக் கோபம்தான் வரும். "ஆய்வின்போது பல குறைபாடுகள் கண்டறியப்பட்டன. ஏழு நாள்களுக்குள் விளக்கம் அளிக்கவும்." என்ன குறைபாடு? எந்தத் துறையில்? இதற்கு யார் எப்படிப் பதில் எழுதுவது? "இயற்பியல் துறையில் அனுமதிக்கப்பட்ட ஆறு ஆசிரியர்களில் ஆய்வு நாளன்று நால்வரே இருந்தனர், அவர்களில் ஒருவருக்கு உரிய கல்வித் தகுதி இல்லை" என்று இருந்தால் அது நோட்டீஸ். அதற்குப் பதில் எழுதலாம், ஒப்புக்கொள்ளலாம், மறுக்கலாம். இன்னொன்றும் வேண்டும். 2014-இல் கோர்க்கா செக்யூரிட்டி வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது: என்ன குற்றச்சாட்டு என்பதோடு, என்ன நடவடிக்கை எடுக்க உத்தேசம் என்பதும் நோட்டீஸிலிருந்து தெரிய வேண்டும். அது ஒப்பந்ததாரரைக் கருப்புப் பட்டியலில் சேர்ப்பது பற்றிய வழக்கு, ஆனாலும் அதே காரணம் இங்கும் பொருந்தும். குறைகளைச் சரிசெய்ய அவகாசம் தரப் போகிறார்கள் என்று நினைத்து ஒரு கல்லூரி நான்கு வரியில் பதில் அனுப்பும். சேர்க்கையையே நிறுத்தப் போகிறார்கள் என்று தெரிந்திருந்தால் நாற்பது பக்கம் அனுப்பியிருக்கும்.

எல்லாவற்றையும்விட முக்கியம் ஆய்வுக் குழுவின் அறிக்கை. குழு வந்து பார்ப்பதே உங்களைக் கேட்டதாகிவிடாது. அவர்கள் என்ன பார்த்தார்கள், எப்படி எழுதினார்கள் என்பது உங்களுக்குத் தெரிந்தால்தான் அதில் எது தவறு என்று சொல்ல முடியும். அரசு ஊழியர் ஒழுங்கு நடவடிக்கையில் விசாரணை அதிகாரியின் அறிக்கை நகலைத் தர வேண்டும் என்று 1993-இல் கருணாகர் வழக்கு சொன்னது. ஒரு முடிவுக்கு அடிப்படையாக இருக்கும் விசாரணை அறிக்கையைச் சம்பந்தப்பட்டவருக்குக் காட்டாமல் வைத்துக்கொள்ளக் கூடாது என்று 2022-இல் பங்குச் சந்தை ஒழுங்குமுறை அமைப்பான செபி தொடர்பான டகானோ வழக்கு இன்னும் அழுத்தமாகச் சொன்னது. உங்களுக்கு வந்த கடிதத்திலேயே "அறிக்கையின் அடிப்படையில்" என்று இருக்கிறது. உங்கள் வழக்கின் பலமே அந்த ஒரு சொற்றொடர்தான். அடிப்படையே அறிக்கை என்றால் அதைக் காட்டாமல் எடுத்த முடிவு நிற்காது.

அறிக்கை கையில் வந்ததும் கல்லூரிகள் செய்கிற தவறு, "எங்கள் கல்லூரி கிராமப்புற மாணவர்களுக்காக நடத்தப்படும் தொண்டு நிறுவனம்" என்று இரண்டு பக்கம் உருக்கமாக எழுதுவது. அது எந்தக் குறையையும் போக்காது. குறைக்குக் குறை பதில் எழுதுங்கள். "ஆசிரியர் பற்றாக்குறை" என்றால், ஒவ்வோர் ஆசிரியருக்கும் நியமன ஆணை, சம்பளம் வங்கிக் கணக்கில் ஏறிய பதிவு, வருங்கால வைப்பு நிதி சலான், அந்த வாரத்துக் கால அட்டவணை, ஆய்வு நாள் வருகைப் பதிவேட்டின் நகல். ஒருவர் அன்று மகப்பேறு விடுப்பில் இருந்தாரா, விடுப்பு ஆணையை வையுங்கள். "ஆய்வகத்தில் கருவிகள் இல்லை" என்றால் இருப்புப் பதிவேடும் வாங்கிய ரசீதும். ரசீது தேதி ஆய்வுக்குப் பிந்தையது என்றால் அதை மறைக்காமல், "குறை இருந்தது உண்மை, இந்தத் தேதியில் சரிசெய்தோம், வந்து பாருங்கள்" என்று சொல்லுங்கள். குறையை ஒப்புக்கொண்டு நிவர்த்தி செய்த கல்லூரியை நீதிமன்றம் நம்பும். எல்லாவற்றையும் மறுத்து, ஒன்றில் பொய் என்று தெரிந்துவிட்டால் மற்றதையும் நம்பாது.

பல்கலைக்கழகத்தின் பக்கமும் நியாயம் இருக்கிறது. 2024 ஜூலையில் ஊழல் எதிர்ப்பு அமைப்பான அறப்போர் இயக்கம் வெளியிட்ட தகவல்கள் நினைவிருக்கும். ஒரே ஆசிரியரின் பெயர் ஒரே சமயத்தில் பல பொறியியல் கல்லூரிகளின் பட்டியலில் இருந்தது. அண்ணா பல்கலைக்கழகம் விசாரணையில் இறங்கியது. இல்லாத ஆசிரியரைக் காட்டி இணைவு வாங்கும் கல்லூரியில் பணம் கட்டிச் சேர்ந்த பிள்ளைதான் ஏமாறுகிறது. அந்த ஏமாற்றைத் தடுப்பது பல்கலைக்கழகத்தின் கடமை. ஆனால் அதே விவகாரமே கேட்பது ஏன் அவசியம் என்பதையும் காட்டுகிறது. ஒரு பெயர் இரண்டு பட்டியலில் இருந்தால், கல்லூரி தெரிந்தே போட்டிருக்கலாம். ஆசிரியர் கல்லூரியை ஏமாற்றியிருக்கலாம். அவர் வேலையை விட்டுப் போனபிறகும் பழைய கல்லூரி பெயரை எடுக்காமல் இருந்திருக்கலாம். பட்டியலை மட்டும் பார்த்தால் மூன்றும் ஒரே மாதிரி தெரியும். விளக்கம் கேட்டால்தான் பிரிக்க முடியும்.

முடிவெடுத்தது யார் என்பதையும் தோண்டிப் பாருங்கள். கடிதத்தில் கையெழுத்து பதிவாளருடையது. அவர் தகவல் சொல்பவர். முடிவு ஆட்சிக்குழுவுடையது என்றால், எந்தத் தேதிக் கூட்டம், எந்தத் தீர்மானம்? சிண்டிகேட் எனப்படும் இந்த ஆட்சிக்குழுவின் கூட்டம் எப்படி நடக்கும் என்று தெரிந்தவர்களுக்கு இது புரியும். நிகழ்ச்சி நிரலில் ஏகப்பட்ட பொருள்கள் இருக்கும். இணைவு விவகாரம் ஓர் அட்டவணையாக, கல்லூரிப் பெயர், பாடப்பிரிவு, பரிந்துரை என்று மூன்று கட்டமாக வரும். "பரிந்துரை ஏற்கப்பட்டது" என்று முடிந்துவிடும். துணைக் குழு ஒன்று உங்களைக் கேட்டதாக இருந்தாலும் பரவாயில்லை, அது சட்டப்படி சரியே. ஆனால் நீங்கள் சொன்னது எழுத்தில் ஆட்சிக்குழு உறுப்பினர்கள் முன் போயிருக்க வேண்டும். ஒருவர் கேட்டு, கேட்காத இன்னொருவர் கண்ணை மூடிக்கொண்டு முடிவெடுத்தால் கேட்டதற்குப் பொருளே இல்லை என்று 1958-லேயே குல்லப்பள்ளி நாகேஸ்வர ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சில சமயம் துணைவேந்தர் தன் அவசர அதிகாரத்தில் உத்தரவிட்டு, பிறகு ஆட்சிக்குழு ஒப்புதல் வாங்கியிருப்பார். பிப்ரவரியில் பார்த்த குறைக்கு ஜூனில் என்ன அவசரம் என்ற கேள்வி அப்போது எழும்.

ஆய்வுக் குழுவில் பக்கத்து ஊர்ப் போட்டிக் கல்லூரியின் பேராசிரியர் இருந்தாரா? கிரைபாக் வழக்கில் வனத்துறைத் தேர்வுக் குழு உறுப்பினரே ஒரு விண்ணப்பதாரராகவும் இருந்தார். தன் பெயர் வந்தபோது அவர் விலகியிருந்தும், தேர்வு செல்லாது என்றானது. ஒருவர் உண்மையில் பாரபட்சம் காட்டினாரா என்று நிரூபிக்க வேண்டியதில்லை, காட்டக்கூடும் என்று நியாயமாக நினைக்க இடமிருந்தால் போதும். ஆனால் இதில் ஒரு கண்ணி இருக்கிறது. அவர் யார் என்று தெரிந்தும் அன்று வரவேற்று, தேநீர் கொடுத்து, கல்லூரியைச் சுற்றிக் காட்டிவிட்டு, அறிக்கை எதிராக வந்தபின் ஆட்சேபித்தால் எடுபடாது. 1957-இல் மானக் லால் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் அப்படி ஆட்சேபித்தவரின் வாதத்தை ஏற்க மறுத்தது. குழு அறிவிக்கப்பட்ட நாளிலேயே எழுதிக் கொடுத்திருக்க வேண்டும்.

காரணம் சொல்லாத உத்தரவைப் பற்றியும் ஒரு வார்த்தை. வழக்குப் போட்ட பிறகு பல்கலைக்கழகம் நீண்ட பதில் மனு தாக்கல் செய்து, கடிதத்தில் இல்லாத புதுக் காரணங்களை அடுக்கும். 1977-இல் மொகிந்தர் சிங் கில் வழக்கில், உத்தரவு அதில் சொல்லப்பட்ட காரணத்தை வைத்தே நிற்க வேண்டும், பிற்பாடு பிரமாணப் பத்திரத்தால் அதற்கு முட்டுக் கொடுக்க முடியாது என்றது உச்ச நீதிமன்றம். உங்கள் வழக்கறிஞர் இதை மறக்க மாட்டார்.

நீங்கள் நீதிமன்றம் போனதும், "இப்போது வேண்டுமானால் கேட்கிறோம்" என்று பல்கலைக்கழகம் சொல்லலாம். 1987-இல் ஷெப்பர்ட் வழக்கில், வங்கி இணைப்பின்போது வேலையில் எடுத்துக்கொள்ளப்படாத ஊழியர்களை முடிவுக்குப் பின் கேட்பது போதாது என்று உச்ச நீதிமன்றம் மறுத்தது. எடுத்த முடிவைக் காப்பாற்றவே மனசு போகும் என்பது எல்லோருக்கும் தெரிந்தது. ஆகவே பழைய உத்தரவை ஒதுக்கிவைத்துவிட்டு, திறந்த மனதோடு கேட்கச் சொல்லுங்கள். உத்தரவு அப்படியே இருக்கும்போது நடக்கும் விசாரணைக்குப் போனால், உங்கள் எதிர்ப்பை எழுத்தில் பதிவு செய்துவிட்டுப் போங்கள். போகாமல் இருந்துவிடாதீர்கள்.

எங்கே இந்த வாதம் உதவாது என்பதும் தெரிய வேண்டும். கேட்காததே ஒரு பாதிப்பு, தனியாகப் பாதிப்பை நிரூபிக்கத் தேவையில்லை என்று 1980-இல் எஸ்.எல். கபூர் வழக்கில் நீதிபதி சின்னப்ப ரெட்டி எழுதினார். அதே தீர்ப்பிலேயே, மறுக்க முடியாத உண்மைகளிலிருந்து ஒரே ஒரு முடிவுதான் வரமுடியும் என்றால் வெறும் சடங்குக்காக நீதிமன்றம் உத்தரவிடாது என்றும் இருக்கிறது. கட்டடமே இல்லாத கல்லூரி, "கட்டடம் இல்லை என்று சொல்லும் முன் கேட்டிருக்க வேண்டும்" என்று வாதாடிப் பயனில்லை. திடீர் ஆய்வுக்கும் முன்கூட்டி நோட்டீஸ் கேட்க முடியாது. மருத்துவக் கல்லூரிகள் விஷயத்தில் 2013-இல் மனோகர் லால் சர்மா வழக்கு அதைச் சொல்லிவிட்டது. சொல்லிவிட்டு வந்தால் அது திடீர் ஆய்வே இல்லையே. ஒரு மையம் முழுவதும் காப்பி அடித்திருந்தால் ஒவ்வொரு மாணவரையும் தனித்தனியே கேட்கத் தேவையில்லை என்று 1970-இல் பீகார் தேர்வு வாரிய வழக்கில் தீர்ப்பானது. உங்கள் கல்லூரி தேர்வு மையமாகவும் இருந்தால் இதை நினைவில் வையுங்கள்.

குறை இருக்கிறதா இல்லையா என்ற கல்விசார் மதிப்பீட்டுக்குள் நீதிமன்றம் தலையிடத் தயங்கும். 2016-இல் கலிங்கா மருத்துவக் கல்லூரி வழக்கில், ஆய்வுக் குழுவின் மதிப்பீட்டை உயர் நீதிமன்றம் எடைபோட்டு, கூடுதல் எம்.பி.பி.எஸ். இடங்களில் மாணவர் சேர்க்க அனுமதித்ததை உச்ச நீதிமன்றம் கண்டித்தது. சேர்ந்துவிட்ட மாணவர்கள் தொடரலாம் என்று விட்டாலும், கல்லூரிக்கு 5 கோடி ரூபாய் செலவுத்தொகை விதித்தது. அதை மாணவர்களிடமிருந்து எந்த வழியிலும் வசூலிக்கக் கூடாது என்றும் சேர்த்துச் சொன்னது. ஆகவே "எங்களிடம் குறையே இல்லை என்று தீர்ப்பளியுங்கள்" என்று கேட்காதீர்கள். "எங்களைக் கேட்கவில்லை, அறிக்கையைக் காட்டவில்லை, காரணம் சொல்லவில்லை" என்று கேளுங்கள்.

உங்கள் பாடப்பிரிவுகளில் பி.பி.ஏ. அல்லது பி.சி.ஏ. இருந்தால் ஒரு விஷயம். 2024-25 முதல் அவற்றுக்கும் அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழுவின் (ஏ.ஐ.சி.டி.இ.) ஒப்புதல் வேண்டும். அந்த ஒப்புதல் கையில் இருக்கிறது, பல்கலைக்கழகம் எப்படி மறுக்கலாம் என்று 1995-இன் அதியமான் கல்லூரித் தீர்ப்பைக் காட்டத் தோன்றும். ஆனால் பல்கலைக்கழகம் தன் தரத்தைக் காக்க இன்னும் கடுமையான நிபந்தனை வைக்கலாம் என்று 2020 டிசம்பரில் கேரளத்தின் அப்துல் கலாம் தொழில்நுட்பப் பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. அதனால் அந்த வழியை நம்பி இருக்க வேண்டாம்.

எல்லாவற்றிலும் எனக்கு மிகவும் நெருடுவது இந்தக் காலக்கணக்குதான். தொழில்நுட்பக் கல்லூரிகளுக்கு ஏப்ரல் 10-க்குள் ஏ.ஐ.சி.டி.இ. முடிவு, மே 15-க்குள் பல்கலைக்கழக முடிவு என்று 2012 டிசம்பரில் பார்ஷ்வநாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் அட்டவணையே போட்டது. தேதிகள் பின்னர் மாறியிருக்கின்றன. ஆனாலும் அதன் நோக்கம் எல்லா வகைக் கல்லூரிக்கும் பொருந்தும்: சேர்க்கை தொடங்கும் முன் கல்லூரிக்கும் பெற்றோருக்கும் நிலைமை தெரிந்துவிட வேண்டும். பிப்ரவரி அறிக்கையை மார்ச்சில் அனுப்பியிருந்தால் ஏப்ரலில் பதில், மே மாதத்தில் மறு ஆய்வு என்று எல்லாம் நிதானமாக முடிந்திருக்கும். நான்கு மாதம் மேசையில் வைத்துவிட்டு, கேட்பதற்கு நேரமே இல்லாத தேதியில் உத்தரவு போடுவது, கேட்காமல் இருப்பதற்குச் சமம். மனுவில் தேதிகளை ஒரு பட்டியலாகவே போடுங்கள்.

இந்த வாரமே செய்ய வேண்டியது: அறிக்கை நகல், ஆட்சிக்குழுத் தீர்மான நகல், நேரில் விளக்கம் சொல்ல வாய்ப்பு, மறு ஆய்வு ஆகிய நான்கையும் கேட்டுப் பதிவாளருக்கு ஒரு கடிதம், துணைவேந்தருக்கு நகல். நேரில் கொடுத்து ஒப்புகை முத்திரை வாங்குங்கள், மின்னஞ்சலிலும் அனுப்புங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் 30 நாள் ஆகும் என்பதால் அதை மட்டும் நம்பாதீர்கள். அந்தப் பல்கலைக்கழகச் சட்டத்தில் வேந்தரிடமோ அரசிடமோ மேல்முறையீடு இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தாலும் இயற்கை நீதி மீறப்பட்டது என்றால் அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவில் உயர் நீதிமன்றத்தில் நேரடியாக ரிட் மனு போடுவதற்கு அது தடையாகாது. தென் மாவட்டம் என்றால் மதுரைக் கிளை. பதிலுக்கு ஒரு வாரத்துக்கு மேல் காத்திருக்க வேண்டாம்.

இதற்கிடையில் அந்த இரண்டு பாடப்பிரிவுகளில் யாரையும் சேர்க்காதீர்கள். நிர்வாகம் வற்புறுத்தினாலும், "எப்படியும் ஸ்டே கிடைத்துவிடும்" என்று தாளாளர் சொன்னாலும் வேண்டாம். இணைவு இல்லாமல் சேர்த்த மாணவர்களைத் தேர்வு எழுத விடுமாறு பல்கலைக்கழகத்துக்கு உத்தரவிட முடியாது என்று 1986-இல் ஆந்திரக் கிறித்தவ மருத்துவக் கல்விச் சங்க வழக்கில் உச்ச நீதிமன்றம் கைவிரித்துவிட்டது. அதை எழுதியவரும் அதே சின்னப்ப ரெட்டிதான். கேட்காமல் முடிவெடுப்பதை அவ்வளவு கடுமையாக எதிர்த்த நீதிபதியே, மாணவர் மீதான அனுதாபத்துக்காகச் சட்டத்தை மீறச் சொல்ல முடியாது என்று நின்றார்.

ஏற்கெனவே இரண்டாம், மூன்றாம் ஆண்டில் படிக்கிற பிள்ளைகளின் நிலை வேறு. அவர்கள் இணைவு இருந்தபோது முறையாகச் சேர்ந்தவர்கள். பதிவாளர் கடிதத்தில் அவர்களைப் பற்றி ஒரு வரிகூட இல்லை என்று நீங்கள் எழுதியிருப்பதுதான் எனக்கு எல்லாவற்றையும்விடப் பெரிய குறையாகப் படுகிறது. அவர்கள் இதே கல்லூரியில் முடிப்பார்களா, வேறு கல்லூரிக்கு மாற்றப்படுவார்களா, நவம்பர் தேர்வுக்குக் கட்டணம் கட்டலாமா என்று பல்கலைக்கழகம் எழுத்தில் சொல்லியாக வேண்டும். மேலே சொன்ன கடிதத்தில் இதை ஐந்தாவதாகச் சேருங்கள். ரிட் மனுவிலும் தனிக் கோரிக்கையாக எழுதச் சொல்லுங்கள். உங்கள் மனு தோற்றாலும் அந்த ஒரு கோரிக்கையை நீதிமன்றம் தனியாக எடுத்துக்கொள்ளும்படி அது இருக்க வேண்டும்.